கொடுத்த உரிமையும் மூடிய சங்கமும்

ஈரானைப் பற்றி எங்கட ஆக்கள் கதைக்கத் தொடங்கினால் கட்டாயம் இரண்டு படங்கள் வரும். ஒன்று 1970களில் எடுத்தது: தெஹ்ரான் வீதியில் குட்டைப் பாவாடையோடு சிரித்துக்கொண்டு போகும் பெண்கள். மற்றது 1979க்குப் பிறகு எடுத்தது: கறுப்புச் சாதர் போர்த்திய பெண்கள். 2022 செப்டெம்பரில் ஜினா மஹ்ஸா அமினி பொலிஸ் காவலில் இருந்தபோது இறந்தார். அந்த நாட்களில் இந்த இரண்டு படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் ஒட்டி, "அப்போது, இப்போது" எண்டு எழுதி எத்தனை பேர் பகிர்ந்தார்கள்! எங்கட வட்ஸ்அப் குழுக்களிலும் வந்தது. கீழே நடந்த சண்டையும் எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். ஒரு பக்கம், "ஷா மன்னர்கள் பெண்களுக்குச் சுதந்திரம் கொடுத்தார்கள், முல்லாக்கள் பறித்தார்கள்" எண்டது. மற்றப் பக்கம், "பெண்ணுரிமை எண்டதே மேற்கில இருந்து இறக்கின சரக்கு, ஈரானியப் பெண்கள் அதைக் கேட்கவே இல்லை" எண்டது.

இரண்டு பக்கமும் ஒரு விசயத்தில் ஒத்துப்போகிறது எண்டதுதான் எங்களை உறுத்தியது. இரண்டு கதையிலும் பெண்கள் எதையும் செய்யவில்லை. ஒன்றில் ராஜா கொடுக்கிறார், பெண்கள் வாங்குகிறார்கள். மற்றதில் வெள்ளைக்காரன் சொல்லிக்கொடுக்கிறான், பெண்கள் கெட்டுப்போகிறார்கள். கொடுத்தவர், கெடுத்தவர், பறித்தவர் எல்லாரும் ஆண்கள்தான்.

இந்தக் கட்டுரையில் நாங்கள் கதைக்கப் போவது அந்த இரண்டு படங்களிலும் இல்லாத ஒரு கூட்டத்தைப் பற்றி. 1922இல் தெஹ்ரானில் தொடங்கிய ஒரு சங்கம். பாரசீகத்தில் அதன் பெயர் "ஜம்இய்யத்தே நிஸ்வானே வதன்கா". தமிழில் "தேசாபிமானப் பெண்கள் சங்கம்" எண்டு சொல்லலாம். பத்து வருசத்துக்குக் கொஞ்சம் கூடத்தான் அது உயிரோடு இருந்தது. பிறகு மூடப்பட்டது. அதை மூடிய அரசுதான் "பெண்களுக்கு விடுதலை கொடுத்த அரசு" எண்டு இன்றைக்கும் புகழப்படுகிறது.

சங்கத்துக்கு முன்னால் நடந்தது

1922 வானத்தில் இருந்து விழவில்லை. அதற்குப் பின்னால் குறைந்தது பதினைந்து வருசக் கதை இருக்கிறது.

1905 தொடங்கி 1911 வரை ஈரானில் அரசியலமைப்புப் புரட்சி நடந்தது. மன்னரின் அதிகாரத்துக்கு எல்லை போட்டுப் பாராளுமன்றம் ஒன்றை அமைப்பதற்கான போராட்டம் அது. அந்தப் பாராளுமன்றத்தை மஜ்லிஸ் எண்டு சொல்வார்கள். பெண்கள் வீதிக்கு வந்தார்கள். வெளிநாட்டுக் கடனுக்குப் பதிலாக உள்நாட்டிலேயே ஒரு தேசிய வங்கி அமைக்கலாம் எண்டு பேச்சு வந்தபோது நகைகளைக் கழற்றிக் கொடுத்தார்கள். வெளிநாட்டுத் துணியைப் புறக்கணிக்கச் சொல்லிப் பிரசாரம் செய்தார்கள். 1906இல் தேர்தல் சட்டம் வந்தது. வாக்குரிமை இல்லாதவர்களின் பட்டியலில் பெண்களும் இருந்தார்கள். நகையை வாங்கிக்கொண்டு வாக்கைக் கொடுக்காத கதை.

1907 அளவில் "பெண்கள் சுதந்திரச் சங்கம்" எண்டு ஒன்று தொடங்கியது. தெஹ்ரானுக்கு வெளியே ஒரு தோட்டத்தில் இரகசியமாகக் கூடினார்கள். நாசிருதீன் ஷாவின் மகள்களான தாஜுஸ் சல்தனாவும் இஃப்திகாருஸ் சல்தனாவும் அதில் இருந்தார்கள். அதன் விதி ஒன்று எங்களுக்கு மிகவும் பிடித்தது. ஆண்கள் வரலாம், ஆனால் தனியாக வர முடியாது. மனைவியோ மகளோ சகோதரியோ ஒருவரைக் கூட்டிக்கொண்டுதான் வரவேண்டும். உரையாற்றுவது பெண்கள் மட்டும். சபையில் எழும்பிப் பேசிப் பழகாதவர்களுக்குப் பேச்சுப் பழக்குவதுதான் நோக்கம். விசயம் வெளியே தெரியவர, தாக்குவதற்கு ஒரு கும்பல் திரண்டது. கூட்டம் அத்தோடு கலைந்தது.

அதே 1907இல் பீபீ கானும் அஸ்தராபாதி தன்னுடைய வீட்டிலேயே பெண்பிள்ளைகளுக்கு ஒரு பாடசாலை தொடங்கினார். இவர் சும்மா ஆள் இல்லை. 1890களில், பெண்களுக்கு அடக்கம் போதிக்கிறேன் எண்டு ஒரு ஆண் எழுதிய நூலுக்குப் பதிலாக, ஆண்களின் குறைகளை வரிசைப்படுத்தி ஒரு நூல் எழுதியவர். பாடசாலைக்கு எதிராக மதத் தலைவர்கள் கிளம்பினார்கள். அது மூடப்பட்டது. பிறகு திறக்க அனுமதி கிடைத்தபோது, 4 வயதில் இருந்து 6 வயது வரையான பிள்ளைகளைத்தான் சேர்க்கலாம், பாடசாலையின் பெயரில் இருக்கும் "கன்னிப் பெண்கள்" எண்ட சொல்லை எடுக்கவேண்டும் எண்டு நிபந்தனை வந்தது. ஒரு சொல்லுக்கே அவ்வளவு பயம்.

1911 ஆகஸ்டில் மஜ்லிஸில் வகீலுர் ரஆயா எண்ட உறுப்பினர் எழும்பி, பெண்களுக்கு ஏன் வாக்கு இல்லை எண்டு கேட்டார். மொதர்ரிஸ் எண்ட மதத் தலைவர் எழும்பி எதிர்த்தார். அந்தக் கேள்வி அதோடு அமுங்கிப்போனது. அதே வருசக் கடைசியில் ரஷ்யா ஈரானுக்கு இறுதி எச்சரிக்கை விடுத்தது. ஈரான் தன் நிதியைச் சீர்செய்ய அமர்த்திய அமெரிக்கரான மோர்கன் ஷஸ்டரை விலக்கவேண்டும் எண்டது அதில் ஒரு நிபந்தனை. அப்போது சுமார் 300 பெண்கள் மஜ்லிஸுக்கு ஊர்வலமாகப் போனார்கள், பலர் உடைக்குள் கைத்துப்பாக்கி வைத்திருந்தார்கள், பணிந்துபோகாதே எண்டு உறுப்பினர்களை எச்சரித்தார்கள் எண்டு ஷஸ்டரே பிறகு தன்னுடைய நூலில் எழுதினார். நாட்டுக்காகத் துப்பாக்கி தூக்கலாம், வாக்குப் போட ஏலாது. இந்த முரண் ஈரானுக்கு மட்டும் உரியது இல்லை எண்டு எங்கட வாசகர்களுக்குத் தனியாகச் சொல்லத் தேவையில்லை.

பிறகு பத்திரிகைகள் வந்தன. 1919இல் இஸ்ஃபஹானில் செதீகே தவ்லதாபாதி "ஸபானே ஸனான்" எண்ட பத்திரிகையைத் தொடங்கினார். "பெண்களின் மொழி" எண்டு அர்த்தம். "பெண்" எண்ட சொல்லைத் தலைப்பிலேயே தாங்கி வந்த முதல் ஈரானியப் பத்திரிகை எண்டு இதைச் சொல்வார்கள். எழுத்தாளர்கள் பெண்கள் மட்டும். அது சமையல் குறிப்புப் போட்டுக்கொண்டு இருந்திருந்தால் யாரும் கவனித்திருக்க மாட்டார்கள். அவர் 1919ஆம் ஆண்டு பிரித்தானிய – பாரசீக ஒப்பந்தத்தை எதிர்த்து எழுதினார். கல்லெறி விழுந்தது, மிரட்டல் வந்தது, கடைசியில் பத்திரிகை தடைசெய்யப்பட்டது. அவரைப் பற்றிச் சொல்லப்படும் ஒரு கதை இருக்கிறது. நீ நூறு வருசம் முந்திப் பிறந்துவிட்டாய் எண்டு ஒரு பொலிஸ் அதிகாரி சொன்னாராம். நான் நூறு வருசம் பிந்திப் பிறந்துவிட்டேன், முந்திப் பிறந்திருந்தால் பெண்களை இப்படிச் சங்கிலி போட விட்டிருக்க மாட்டேன் எண்டு இவர் பதில் சொன்னாராம்.

1922: தெஹ்ரானில் ஒரு சங்கம்

தேசாபிமானப் பெண்கள் சங்கத்தைத் தொடங்கியவர் மொஹ்தரம் எஸ்கந்தரி. 1895இல் பிறந்தவர். கஜார் அரச வம்சத்து வழிவந்த குடும்பம். தகப்பன் அரசியலமைப்புப் புரட்சியின் பக்கம் நின்றவர். மகளும் சின்ன வயதிலேயே அந்தப் பேச்சுக்களைக் கேட்டு வளர்ந்தார். பாரசீக, பிரெஞ்சு இலக்கியம் படித்தார். பெண்கள் பாடசாலை ஒன்றின் அதிபராக இருந்தார். முதுகெலும்பில் ஏற்பட்ட பாதிப்பு ஒன்று வாழ்நாள் முழுக்க அவரை வருத்தியது.

கூட இருந்தவர்களின் பெயர்களையும் சொல்லவேண்டும். மஸ்தூரே அஃப்ஷார், நூருல் ஹுதா மங்கனே, ஃபக்ரே ஆஃபாக் பார்சா, ஃபக்ரே உஸ்மா அர்கூன். பின்னால் தவ்லதாபாதியும் வந்து சேர்ந்தார். இந்தப் பட்டியலில் இரண்டு பெயர்களைப் பிடித்து வைத்திருங்கோ: பார்சா, அர்கூன். பிறகு திரும்ப வரவேண்டி இருக்கும்.

சங்கத்தின் நோக்கங்களைப் பார்த்தால் முதலில் கொஞ்சம் ஏமாற்றமாகத்தான் இருக்கும். இஸ்லாத்தின் சட்டங்களையும் வழமைகளையும் மதிப்பது முதலில் வருகிறது. பிறகு பெண்பிள்ளைகளின் கல்வி, ஒழுக்கம். உள்நாட்டுக் கைத்தொழிலை ஊக்குவிப்பது. வளர்ந்த பெண்களுக்கு எழுத்தறிவு. அநாதைப் பெண்பிள்ளைகளைப் பராமரிப்பது. ஏழைப் பெண்களுக்கு வைத்தியசாலை. யுத்தம் வந்தால் நாட்டைக் காப்பவர்களுக்கு உதவி. இதில் எங்கே புரட்சி எண்டு கேட்கத் தோன்றும். முகத்திரையைக் கழற்றுவோம் எண்ட கோரிக்கையே அந்தப் பட்டியலில் இல்லை.

ஆனால் பட்டியலை எழுதியவர்கள் யார், எந்த ஊரில் இருந்து எழுதினார்கள் எண்டதையும் சேர்த்துத்தான் அதை வாசிக்கவேண்டும். அதற்கு முந்திய பதினைந்து வருசத்தில் தோட்டத்துக் கூட்டத்தைக் கலைத்திருந்தார்கள், பாடசாலையை மூடியிருந்தார்கள், பத்திரிகையைத் தடைசெய்திருந்தார்கள். ஒவ்வொரு முறையும் அடிக்க வந்தவர்கள் தூக்கிப்பிடித்த சொற்கள் இரண்டு: மதம், மானம். அந்த இரண்டு சொற்களையும் முதல் பக்கத்திலேயே எழுதி வைத்துவிட்டு, அதன் கீழே தங்களுக்கு வேண்டியதைச் செய்தார்கள். "தேசாபிமான" எண்ட பெயரும் அப்படித்தான். நாட்டுக்காக எண்டு சொன்னால் ஒரு பெண் வாசலைத் தாண்டி வெளியே வரலாம். இதை வெறும் தந்திரம் எண்டும் நாங்கள் சொல்லவில்லை. அவர்கள் உண்மையிலேயே நாட்டை நேசித்தார்கள். உள்நாட்டுத் துணிக்காகப் பிரசாரம் செய்தது நடிப்பு இல்லை.

நடைமுறையில் சங்கம் செய்தது என்ன? வளர்ந்த பெண்களுக்கு எழுதப் படிக்க வகுப்பு வைத்தது. 1923இல் இருந்து தன் பெயரிலேயே ஒரு சஞ்சிகை நடத்தியது. காசு சேர்க்க நாடகம் போட்டது. அந்த நாடகக் கதையைக் கட்டாயம் சொல்லவேணும். பெண்கள் ஒரு வீட்டில் கூடி நாடகம் பார்க்கிறார்கள் எண்டு தெரிந்தால் பொலிஸ் வரும், கும்பலும் வரும். அதனால் நூருல் ஹுதா மங்கனே வீட்டில் கலியாணம் எண்டு சொல்லி அழைப்பு அனுப்பினார்கள். கலியாண வீட்டுக்குப் பெண்கள் கூட்டமாகப் போனால் யார் கேட்கப்போகிறார்கள்? சேர்ந்த காசு எழுத்தறிவு வகுப்புக்குப் போனது. ஊர் எதை அனுமதிக்கிறதோ அதற்குள்ளே புகுந்து, அனுமதிக்காததைச் செய்துமுடித்த கெட்டித்தனம் அது.

தாள்களை எரித்தது சரியா?

சங்கம் செய்த வேலைகளிலேயே அதிகம் சொல்லப்படுவது இதுதான். "மக்ரே ஸனான்", அதாவது "பெண்களின் சூழ்ச்சிகள்" எண்ட தலைப்பில், பெண்களை இழிவுபடுத்தும் மலிவான துண்டுப் பிரசுரம் ஒன்று தெஹ்ரான் வீதிகளில் விற்றது. மொஹ்தரம் எஸ்கந்தரியும் தோழிகளும் அந்தப் பிரதிகளைச் சேர்த்துக்கொண்டு போய், நகரத்தின் நடுவில் இருந்த பெரிய சதுக்கத்தில் எல்லாரும் பார்க்கக் கொளுத்தினார்கள். பொலிஸ் வந்து எஸ்கந்தரியைப் பிடித்துக்கொண்டு போனது.

இந்த இடத்தில் எங்களுக்குள்ளேயே பெரிய வாக்குவாதம் வந்தது. நாங்கள் 1981இல் யாழ்ப்பாண நூலகம் எரிந்த மண்ணின் பிள்ளைகள். அது எரிந்தபோது எங்களில் ஒருத்தரும் பிறந்திருக்கவில்லை, ஆனாலும் அச்சடித்த தாளில் நெருப்பு வைப்பது எண்ட பேச்சை எடுத்தாலே உடம்பு கூசும். எங்களில் சிலர், "எதுவாக இருந்தாலும் எரித்தது பிழை. பதில் எழுதியிருக்கலாம். பீபீ கானும் அப்படித்தானே செய்தார்?" எண்டார்கள். வேறு சிலர், "நூலகத்தை எரித்தது அதிகாரம். சதுக்கத்தில் எரித்தவர்களுக்கு வாக்கும் இல்லை, நீதிமன்றமும் இல்லை, பத்திரிகை நடத்தினால் தடை. ஒரு முழு மக்களின் நினைவை அழிப்பதும், தெருவில் விற்ற வசைத்தாளைக் கொளுத்துவதும் ஒன்றா?" எண்டு கேட்டார்கள்.

நாங்கள் முழு உடன்பாட்டுக்கு வரவில்லை, அதை மறைக்கவும் விரும்பவில்லை. ஆனால் ஒன்றில் எல்லாரும் ஒத்துக்கொண்டோம். அந்த நெருப்பு யாருடைய வாயையும் அடைக்கவில்லை. அந்தத் தாள்களை அச்சடித்தவர்கள் அடுத்த நாளே திரும்ப அச்சடிக்கலாம், அவர்களைப் பிடிக்கப் பொலிஸ் வராது. பொலிஸ் வந்தது பெண்களைப் பிடிக்கத்தான். எரித்தவரையும் எரிக்கப்பட்டதையும் மட்டும் பார்த்தால் போதாது. முடிவில் யாருடைய கையில் விலங்கு விழுந்தது எண்டும் பார்க்கவேண்டும்.

மொஹ்தரம் எஸ்கந்தரி நீண்ட காலம் வாழவில்லை. முதுகெலும்புக்குச் செய்த சத்திரசிகிச்சையைத் தொடர்ந்து, முப்பது வயதை ஒட்டி இறந்துபோனார். சங்கத்தை மஸ்தூரே அஃப்ஷார் பொறுப்பெடுத்தார். தொடங்கியவர் போனபிறகும் சங்கம் நின்றுபிடித்தது. எங்கட ஊர்களில் சங்கங்களின் ஆயுளைப் பார்த்தவர்களுக்கு இது எவ்வளவு பெரிய விசயம் எண்டு விளங்கும்.

சங்கத்தில் யார் இல்லை?

புகழ்ச்சி மட்டும் பாடிவிட்டுப் போகவும் ஏலாது. உறுப்பினர் பட்டியலைப் பாருங்கோ: அரச வம்சம், அதிகாரிகள் வீட்டுப் பெண்கள், பிரெஞ்சு படித்தவர்கள், தெஹ்ரான்காரர். ஈரானில் பெரும்பாலான பெண்கள் அப்போது கிராமங்களிலும் நாடோடிக் குலங்களிலும் இருந்தார்கள். கம்பளம் நெய்தார்கள், வயலில் வேலை செய்தார்கள். அவர்களுக்கு இந்தச் சங்கம் இருந்ததே தெரிந்திருக்காது. உள்நாட்டுத் துணியை வாங்குங்கோ எண்டு சங்கம் சொன்னது. அந்தத் துணியை நெய்த பெண்ணின் கூலி எவ்வளவு எண்டது அதன் தொடக்க கால நோக்கங்களில் இல்லை.

அதே காலத்தில் வடக்கே ரஷ்த் நகரத்தில், இடதுசாரிச் சாய்வுள்ள "பெய்கே சஆதத்தே நிஸ்வான்" எண்ட சங்கம் இருந்தது. ஈரானில் முதன்முதலாக மார்ச் 8ஐக் கொண்டாடியவர்களில் அவர்களும் அடங்குவார்கள். அவர்களின் கதையைத் தனியாக எழுதவேண்டும். இங்கே சொல்லவேண்டியது ஒன்றுதான்: அதையும் ரெசா ஷாவின் அரசு விட்டுவைக்கவில்லை.

கேட்டது ஒன்று, கொடுத்தது வேறொன்று

1925இல் கஜார் வம்சம் போய் ரெசா கான் ரெசா ஷா ஆனார். கட்சிகள், தொழிற்சங்கங்கள், பத்திரிகைகள் எண்டு சுதந்திரமாக இயங்கிய எல்லாவற்றையும் ஒவ்வொன்றாக நெரித்தார். தேசாபிமானப் பெண்கள் சங்கம் மற்றவற்றை விடக் கொஞ்சம் கூட நாள் தாக்குப்பிடித்தது.

1932 கடைசியில் கீழைத்தேயப் பெண்களின் இரண்டாவது மாநாடு தெஹ்ரானில் நடந்தது. முதலாவது 1930இல் டமஸ்கஸில் நடந்திருந்தது. லெபனானின் நூர் ஹமாதா தலைமை தாங்கினார். வேறு கீழை நாடுகளில் இருந்தும் பெண்கள் வந்தார்கள். ஈரானின் சார்பில் இதை நடத்தியது இந்தச் சங்கம்தான். அது ஒரு பெரிய காலம். அதற்கு முந்திய வருசம், 1931இல், லாகூரில் அகில ஆசியப் பெண்கள் மாநாடு நடந்தது. பாரசீகத்தின் பிரதிநிதித்துவமும் இலங்கையின் பிரதிநிதித்துவமும் அங்கே இருந்தன. ஆசியப் பெண்கள் ஒருவரையொருவர் தேடிப் போய்ப் பேசிய வருசங்கள் அவை. "மேற்கில் இருந்து இறக்கின சரக்கு" எண்டு சொல்பவர்கள் இந்த டமஸ்கஸ் – லாகூர் – தெஹ்ரான் பாதையை ஒருக்கா வரைபடத்தில் போட்டுப் பார்க்கவேணும்.

தெஹ்ரான் மாநாட்டில் பெண்கள் கேட்டவற்றைப் பாருங்கோ: வாக்குரிமை, கட்டாயக் கல்வி, சம வேலைக்குச் சம சம்பளம், பலதார மணத்துக்கு முடிவு. 1922இன் அடக்கமான பட்டியலில் இருந்து பத்து வருசத்தில் எவ்வளவு தூரம் வந்திருக்கிறார்கள்! சங்கம் எண்ட ஒன்று இருந்தால் நடப்பது இதுதான். கூடிக் கதைக்கக் கதைக்கக் கேள்வி பெரிதாகும். எழுதப் படிக்கச் சொல்லிக்கொடுக்கப் போனவர்கள் சட்டப் புத்தகத்தைத் திறந்து பார்க்கத் தொடங்குவார்கள்.

அந்த மாநாட்டோடு சங்கத்தின் கதை முடிந்தது. கிட்டத்தட்ட உடனேயே அது கலைக்கப்பட்டது. 1935இல் அரசே "கானூனே பானுவான்" எண்ட பெண்கள் மன்றத்தை அமைத்தது. அரச குடும்பத்தின் ஆதரவோடு, அரசின் காசில் இயங்கியது. 1936 ஜனவரி 8ஆம் திகதி, தெஹ்ரானில் ஆசிரியர் கல்லூரி விழா ஒன்றுக்கு ரெசா ஷா தன் மனைவியையும் மகள்களையும் திரையில்லாமல் கூட்டிக்கொண்டு வந்தார். அதோடு பொது இடத்தில் சாதர் அணிவது தடையானது. வீதியில் பொலிஸார் பெண்களின் சாதரை இழுத்துக் கிழித்தார்கள். திரையில்லாமல் வெளியே வர முடியாத எத்தனையோ பெண்கள் வீட்டுக்குள்ளேயே அடைந்து கிடந்தார்கள்.

இந்த ஆட்சியில் நல்லது எதுவும் நடக்கவில்லை எண்டு நாங்கள் சொல்லவில்லை. பெண்கள் பாடசாலைகள் கூடின. தெஹ்ரான் பல்கலைக்கழகம் பெண்களுக்குத் திறந்தது. பீபீ கானும் 6 வயதோடு நிறுத்தவேண்டி வந்த இடத்தில் இருந்து பார்த்தால் இது சின்ன விசயம் இல்லை. தவ்லதாபாதியே அரசின் மன்றத்துக்குத் தலைமை தாங்கினார், திரை நீக்கத்தை முழு மனதோடு ஆதரித்தார். 1961இல் இறக்கும்போது, திரை போட்ட பெண் ஒருத்தியும் தன் கல்லறைக்கு வரக்கூடாது எண்டு உயில் எழுதிவைத்தார் எண்டால் பாருங்கோ. அவரை வெறும் அரசின் கைப்பாவை எண்டு தள்ளிவிட ஏலாது. வாழ்நாள் முழுக்கக் கல்லெறி வாங்கிய ஒருவர், அரசின் பலம் தன் பக்கம் வந்தபோது அதைப் பிடித்துக்கொண்டது விளங்கக்கூடியதுதான்.

ஆனால் கணக்கைப் பாருங்கோ. 1932இல் பெண்கள் கேட்டது வாக்கு, சம்பளம், குடும்பச் சட்டம். 1936இல் கிடைத்தது ஒரு உடைக் கட்டளை. ரெசா ஷா காலத்துச் சிவில் சட்டம் பலதார மணத்தையும், ஆண் நினைத்தபடி விவாகரத்துச் செய்யும் உரிமையையும் அப்படியே வைத்திருந்தது. வாக்குரிமை வர 1963 ஆனது. தலையில் இருந்த துணியை எடுத்தார்கள், தலைக்கு மேலே இருந்த சட்டத்தைத் தொடவில்லை.

எங்கட நாட்டு அறிஞர் குமாரி ஜயவர்தன, மூன்றாம் உலகில் பெண்ணியமும் தேசியமும் பற்றி 1986இல் வெளிவந்த தன் நூலில் ஈரானுக்கு ஒரு தனி இயலே ஒதுக்கினார். "மேலிருந்து வந்த விடுதலை" எண்டு அதற்கு ஒரு பெயரும் வைத்தார். கொழும்பில் இருந்து எழுதிய ஒருவர் இதை எப்போதோ சொல்லிவிட்டார். நாங்கள் இன்னும் இரண்டு படங்களை ஒட்டிக்கொண்டு சண்டை பிடிக்கிறோம்.

மகள்கள்

பிடித்து வைக்கச் சொன்ன இரண்டு பெயர்கள்.

ஃபக்ரே ஆஃபாக் பார்சா 1921இல் மஷ்ஹதில் "ஜஹானே ஸனான்", அதாவது "பெண்களின் உலகம்" எண்ட சஞ்சிகையைத் தொடங்கினார். பெண்கல்வி பற்றி எழுதியதற்காகத் துரத்தப்பட்டுக் கும் நகரத்தில் வீட்டுக் காவலில் வைக்கப்பட்டார். அங்கே 1922இல் அவருக்கு ஒரு மகள் பிறந்தாள், ஃபரூக்ரூ. அந்த மகள் வைத்தியராகி, ஆசிரியையாகி, 1963இல் மஜ்லிஸுக்குத் தெரிவான முதல் பெண்களில் ஒருவராகி, 1968இல் கல்வி அமைச்சரானார். ஈரானின் முதல் பெண் அமைச்சர். 1980 மே 8ஆம் திகதி புரட்சி நீதிமன்றத்தின் தீர்ப்பின்படி அவரைக் கொன்றார்கள்.

ஃபக்ரே உஸ்மா அர்கூனின் மகள் சிமின் பெஹ்பஹானி, நவீன பாரசீகக் கவிதையின் பெரிய பெயர்களில் ஒன்று. 2006இல் பெண்களுக்கு எதிரான சட்டங்களை மாற்றக் கோரிப் பத்து இலட்சம் கையெழுத்துச் சேர்க்கும் இயக்கம் தொடங்கியபோது அவர் அதோடு நின்றார். 2010இல், 82 வயதில், விமான நிலையத்தில் வைத்து அவருடைய கடவுச்சீட்டைப் பறித்தார்கள்.

தாயை ஒரு அரசு துரத்தியது, மகளை இன்னொரு அரசு கொன்றது. இரண்டும் வெவ்வேறு அரசுகள். உடை விசயத்திலும் அப்படித்தான். ரெசா ஷாவின் அரசு கழற்று எண்டது; 1979க்குப் பிறகு வந்த அரசு போடு எண்டது. 1979 மார்ச் 8ஆம் திகதி அந்தக் கட்டளையை எதிர்த்துத் தெஹ்ரானில் ஆயிரக்கணக்கான பெண்கள் ஊர்வலம் போனார்கள். ஆனால் அவர்களுக்குப் பின்னால் ஐம்பது வருசம் வேரூன்றிய, அரசைச் சாராத ஒரு சங்கம் இருக்கவில்லை. அந்த வேரை 1930களிலேயே வெட்டிவிட்டார்கள். கொடுத்த உரிமைகளை எல்லாம் அரசின் மன்றங்கள் ஊடாகவே கொடுத்திருந்தார்கள். அரசு விழுந்தபோது மன்றங்களும் விழுந்தன. 1967இன் குடும்பப் பாதுகாப்புச் சட்டத்தை, புரட்சி வென்ற சில கிழமைகளுக்குள்ளேயே இரத்துச் செய்வதாக அறிவிக்க முடிந்தது.

அரசு கொடுத்த உரிமை எண்டால் வேண்டாம் எண்டு தள்ளச் சொல்லவில்லை. இலங்கையில் 1931இல் எங்கட பாட்டிமாருக்குக் கிடைத்த வாக்கும் டொனமூர் ஆணைக்குழுவும் காலனித்துவ அரசும் ஊடாக வந்ததுதான். அதற்காகப் பெண்கள் வாக்குரிமைச் சங்கம் 1927இல் தொடங்கிச் சாட்சியம் சொல்லிப் போராடியது எண்டதைத்தான் பாடப்புத்தகம் ஒரு வரியோடு தாண்டிப்போகும். யார் கையெழுத்துப் போட்டார்கள் எண்டதை விட, அந்தக் கையெழுத்தை நாளைக்கு ஒருவன் அழிக்க வந்தால் மறித்து நிற்க ஒரு கூட்டம் இருக்குமா எண்ட கேள்விதான் பெரிது.

உடைக் கதையும் எங்களுக்குத் தூரத்துக் கதை இல்லை. கிழக்கில் ஒரு பாடசாலையில் ஆசிரியைகளின் அபாயா பற்றி 2018இல் எழுந்த சண்டையையும், 2019 ஏப்ரல் குண்டுவெடிப்புகளுக்குப் பிறகு அவசரகாலச் சட்டத்தின் கீழ் முகத்தை மூடுவதற்கு வந்த தடையையும் நாங்கள் பார்த்தோம். தமிழ்ப் பெடியன்கள் எத்தனை பேர் அதற்குக் கைதட்டினார்கள் எண்டும் பார்த்தோம். "அவர்களின் பெண்களை விடுதலை செய்கிறோம்" எண்ட தொனியில் பதிவுகள் வந்தன. அந்தப் பெண்களிடம் ஒருத்தரும் கேட்கவில்லை. முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டத்தைத் திருத்தச் சொல்லி வருசக்கணக்காகப் போராடும் முஸ்லிம் பெண்கள் இந்த நாட்டிலேயே இருக்கிறார்கள். அவர்கள் கேட்பது சட்டத்தை. கைதட்டல் விழுவது துணிக்கு. 1936இன் கணக்கு இங்கேயும் அப்படியே பொருந்துகிறது.

அதனால் எங்கட வாசகர்களிடம் நாங்கள் கேட்பது சின்ன விசயம்தான். அடுத்த முறை அந்த இரண்டு படங்களும் குழுவில் வந்தால், உடனே ஒரு பக்கம் எடுக்காதீர்கள். அந்த வருசத்தில் அந்த நாட்டில் பெண்கள் தாங்களாகவே கூடிக் கதைக்க ஒரு சங்கம் இருந்ததா, அதை யார் மூடினார்கள் எண்டு கேட்டுப் பாருங்கோ. எங்கட கம்பஸில், எங்கட ஊரில், ஒரு அமைப்புத் திட்டக் காசு முடிந்த அடுத்த மாதமும் கூடுகிறதா எண்டும் கேட்டுப் பாருங்கோ. மொஹ்தரம் எஸ்கந்தரியின் தோழிகளுக்குக் கலியாண வீடு எண்டு பொய் சொல்லித்தான் கூட முடிந்தது. எங்களுக்கு அந்தப் பொய் தேவையில்லை. ஆனாலும் நாங்கள் கூடுவது குறைவாகத்தான் இருக்கிறது.